எம்ரிஸ் ஐயாவிடம் கேட்டுச் சொல்

வேல்ஸ்
12 ஜனவரி 2025

அன்புள்ள அண்ணனுக்கு,

இங்கே குளிர் விரல் நுனியைக் கடிக்கிறது. மற்றபடி சுகமாக இருக்கிறேன். உங்கள் முதுகு வலி குறைந்ததா? அண்ணி இன்னும் இருமுகிறார்களா?

ஞாயிற்றுக்கிழமை போனில் பேசும்போது பக்கத்து வீடு வரைக்கும் எல்லோரும் சுற்றி நிற்கிறார்கள். சாப்பிட்டாயா, குளிரா என்பதோடு பேச்சு முடிந்துவிடுகிறது. அதனால்தான் காகிதம் எடுத்தேன். இந்த யோசனையைக் கொடுத்தவர் நான் பார்த்துக்கொள்ளும் பெரியவர். அவர் மேசையில் காகிதமும் உறையும் தபால் முத்திரையும் எப்போதும் இருக்கும். "போனில் சொன்னது சுவரில் பட்டுப் போய்விடும், எழுதினது நிற்கும்" என்கிறார்.

அவர் பெயர் எம்ரிஸ் பிரிச்சார்ட். வயது எண்பத்தாறு. மனைவி இறந்து பத்து வருடம். மலைகளுக்கு நடுவே ஒரு பள்ளத்தாக்கில் இருக்கிற சின்ன ஊர் இது. காலையில் திரையை விலக்கினால் பொகவந்தலாவைதானோ என்று ஒரு நிமிடம் தோன்றும். தேயிலைதான் இல்லை. மலையெல்லாம் ஒரு காலத்தில் நிலக்கரி தோண்டிய மலை.

எம்ரிஸ் ஐயா நிலக்கரி வியாபாரி. அவருடைய அப்பா சுரங்கத்தில் வேலை செய்து, நெஞ்சில் தூசி அடைத்துச் செத்தவர். "நீ மட்டும் பூமிக்குக் கீழே போகக்கூடாது" என்று அம்மா சத்தியம் வாங்கினாராம். பதினாலு வயதில் மூட்டை தூக்கப் போனார். முதுகில் தோல் கவசம், ஒரு மூட்டை ஐம்பது கிலோ. பிறகு சொந்தமாக லொறி வாங்கி வீடு வீடாகக் கரி போட்டார்.

அதைக் கேட்டபோது உங்கள் ஞாபகம் வந்தது. பத்தாம் வகுப்போடு நிறுத்திவிட்டு விறகு லொறியில் ஏறினீர்கள். என்னைப் படிக்க வைத்து, பராமரிப்புப் பயிற்சிக்கு அனுப்பி, விமானத்திலும் ஏற்றிவிட்டீர்கள். நான் நன்றி சொன்னால் கோபப்படுவீர்கள். கடிதத்தில் கோபப்பட முடியாது, அதனால் இங்கே சொல்லிவிடுகிறேன்.

அண்ணிக்கு என் அன்பு.
உங்கள் தங்கை,
லோஜினி

---

பொகவந்தலாவை
9 பெப்ரவரி 2025

அன்புத் தங்கச்சி லோஜினிக்கு,

உன் கடிதம் பதினெட்டு நாளில் வந்தது. முதுகு பரவாயில்லை. அண்ணியின் இருமல் போய்விட்டது, என்னைத் திட்டுகிற குரல் பழையபடி தெளிவாக இருக்கிறது. நீ கையுறை போடுகிறாயா?

உன் கடிதத்தை விறகு மடுவத்தில், அந்தக் கொட்டகை நிழலில் உட்கார்ந்து இரண்டு தடவை வாசித்தேன். மூட்டை தூக்கினவன் கதை எனக்குப் புரியும். ஆனால் அந்த மனுசர் அதோடு நின்றாரா? கேட்டு எழுது.

இங்கே ஒரு விசயம். மே மாதம் பிரதேச சபைத் தேர்தல் வருகிறது. கட்சிக்காரர்கள் வேண்டாம் என்று நாலைந்து தோட்டத்து ஆட்கள் சேர்ந்து ஒரு சுயேச்சைக் குழு போடுகிறார்கள். ஆத்துமேட்டுத் தோட்டத்திலிருந்து பழனியாண்டி அண்ணன் மடுவத்துக்கே வந்துவிட்டார். "தம்பி, ஒங்க லொறி போகாத தோட்டம் இல்ல. எந்த ரோடு ஒடஞ்சிருக்கு, எந்த லயத்து வீட்டுல தண்ணி வரலேன்னு ஒங்களுக்குத் தெரியும். நீங்க நில்லுங்க" என்றார்.

உன் அண்ணி நிலக்ஷி உள்ளேயிருந்து, "வெறகு யாவாரத்துல வாங்குற பேச்சு பத்தலையா, சபைக்குப் போயி வேற வாங்கணுமா?" என்றாள்.

நான் இன்னும் பதில் சொல்லவில்லை.

உடம்பைப் பார்த்துக்கொள்.
அண்ணன்,
விஜிதரன்

---

வேல்ஸ்
2 மார்ச் 2025

அன்புள்ள அண்ணனுக்கு,

கையுறை போடுகிறேன். சளி பிடித்து விட்டுப் போனது, அவ்வளவுதான். அண்ணியின் குரல் திரும்பியதில் சந்தோசம்.

உங்கள் கேள்வியை எம்ரிஸ் ஐயாவிடம் சொன்னேன். கஞ்சியை அப்படியே வைத்துவிட்டுப் பேச ஆரம்பித்தார். ஆறிப்போய், திரும்பச் சூடாக்கிக் கொடுத்தேன்.

அவர் அதோடு நிற்கவில்லை, அண்ணா. இந்த ஊர்ச் சபையில் இருபத்தேழு வருடம் உறுப்பினராக இருந்திருக்கிறார். காரணம் ஒரு ரோடு. ஊருக்கு மேலே ஒரு தெரு இருக்கிறது. அதன் பெயர் என் வாயில் நுழையாது, மேட்டுத் தெரு என்றே எழுதுகிறேன். லொறி ஏற முடியாத மண் பாதை. வயதான பெண்கள் அடிவாரத்துக்கு வந்து வாளியில் கரி அள்ளிச் சுமந்துகொண்டு போவார்கள். ரோடு போடச் சொல்லி ஆறு வருடம் சபைக்குக் கடிதம் எழுதினாராம். ஒரு நாள் நேரில் போனபோது அங்கிருந்த எழுத்தர், "இதை உறுப்பினர்தான் கேட்கலாம், கரிக்காரர் கேட்க முடியாது" என்று சொல்லியிருக்கிறார்.

"அப்படியானால் உறுப்பினர் ஆகிறேன் என்று சொல்லிவிட்டு வந்தேன். வீட்டுக்கு வந்த பிறகுதான் பயம் வந்தது" என்றார்.

மற்ற வேட்பாளர்கள் முன்கதவைத் தட்டி வாக்குக் கேட்டார்களாம். கரி போவது பின்கதவு வழியாக. இவர் மூட்டையை இறக்கிவிட்டுப் பின்கட்டில் நின்றபடியே கேட்டார். அங்கேதான் வீட்டுப் பெண்கள் இருந்தார்கள். ஒன்பது வாக்கு வித்தியாசத்தில் ஜெயித்தார். முதல் கூட்டத்தில் காதுக்குள் கரித்தூள் இருந்ததைப் பார்த்து ஒருவர் சிரித்தாராம். "சிரிக்கட்டும், ரோடு வந்தது" என்கிறார்.

நில்லுங்கள் என்று நான் சொல்லமாட்டேன். அண்ணி என்னைக் கொன்றுவிடுவார்கள். கதையை மட்டும் எழுதியிருக்கிறேன்.

அன்புடன்,
லோஜினி

---

பொகவந்தலாவை
12 மே 2025

அன்புத் தங்கச்சிக்கு,

நீ நலம்தானே? போனிலேயே தெரிந்திருக்கும். இருந்தாலும் எழுதுகிறேன், உன் அண்ணன் இப்போது பிரதேச சபை உறுப்பினர்.

எம்ரிஸ் ஐயா செய்ததைத்தான் நானும் செய்தேன். மேடை போடவில்லை. விறகு இறக்கப் போன இடத்திலெல்லாம், பேக்கரி அடுப்படியிலும் லயத்து வாசலிலும் பேசினேன். ஆத்துமேட்டுப் பத்தாம் நம்பர் லயத்தில் அம்மாக்கண்ணு அக்கா இருக்கிறாரே, கொழுந்து எடுக்கிறதில் பேர்போனவர், அவர் கேட்டார்: "போன தடவ வந்தவரு ரோடு போடுறேன்னாரு. அதுக்கு முந்தி வந்தவரும் ரோடு போடுறேன்னாரு. நீங்க என்ன போடுவீங்க?" நான், "தெரியலக்கா. ஆனா எந்நேரமும் வந்து என்னை ஏசலாம், என் மடுவம் எங்க இருக்குன்னு ஒங்களுக்குத் தெரியும்" என்றேன். சிரித்துவிட்டார்.

அந்த லயத்தில் ஒரே கூரையின் கீழ் வரிசையாகப் பதினாலு காம்பரா, பதினாலு குடும்பம். ஒரு வாக்குக்கூட வெளியே போகவில்லை என்கிறார்கள்.

சபைக்கு உடுத்திப் போக உன் அண்ணி வெள்ளைச் சட்டை வாங்கினாள். திட்டிக்கொண்டேதான் வாங்கினாள்.

எம்ரிஸ் ஐயாவுக்கு என் வணக்கத்தையும் நன்றியையும் சொல்.

அண்ணன்,
விஜிதரன்

---

வேல்ஸ்
8 ஜூன் 2025

அன்புள்ள அண்ணனுக்கு,

நான் நலம். இங்கே வெயில் வந்துவிட்டது, அதுவும் ஐந்து நாளாகத் தொடர்ந்து. உங்கள் முதுகை மறந்துவிடாதீர்கள், உறுப்பினருக்கும் முதுகு ஒன்றுதான்.

நீங்கள் ஜெயித்ததைச் சொன்னபோது எம்ரிஸ் ஐயா கை தட்டினார். பிறகு இருமினார், கொஞ்ச நேரம் விடாமல் இருமினார். தண்ணீர் குடித்த பிறகு ஒரு விசயம் சொன்னார். அதை உங்களுக்கு எழுதச் சொன்னார்.

அவர் சபையில் இருந்தபோது ஊருக்குக் குழாய் வழியாக எரிவாயு கொண்டுவருகிற தீர்மானம் வந்தது. எரிவாயு வந்தால் கரி யாரும் வாங்கமாட்டார்கள். ஆனால் ஒவ்வொரு வீட்டுப் புகைபோக்கியும் கக்குகிற புகையில் குழந்தைகள் மூச்சுக்குத் தவித்தார்கள். கரி வியாபாரி எப்படிக் கை தூக்குவார் என்று எல்லோரும் இவரையே பார்த்தார்களாம். தூக்கினார். நாலு வருடத்தில் வியாபாரம் முடிந்தது. மனைவி ஒரு மாதம் பேசவில்லை.

"நல்லவன் என்று என்னை நினைக்காதே. அதற்கு முன்னால் ஒரு தடவை கை தூக்கவேண்டிய நேரத்தில் தூக்காமல் இருந்தவன் நான்" என்றார். அது என்ன என்று கேட்டேன். டீ கேட்டார். டீ போட்டுக்கொண்டு வருவதற்குள் தூங்கிவிட்டார்.

அவருடைய சுவரில் ஒரு படம் இருக்கிறது. ஊருக்கு மேலே குவித்துவைத்திருந்த சுரங்கக் கழிவு மண்மேட்டை இயந்திரம் வைத்து அகற்றுகிறார்கள், பக்கத்தில் இளவயது எம்ரிஸ் ஐயா நிற்கிறார். சிரிக்கவில்லை.

அன்புடன்,
லோஜினி

---

பொகவந்தலாவை
20 ஜூலை 2025

அன்புத் தங்கச்சிக்கு,

உடம்பு எப்படி? இங்கே எல்லோரும் நலம்தான், என் தூக்கம் மட்டும் சரியில்லை.

நீ எழுதிய அந்தப் படத்தைப் பற்றி யோசித்துக்கொண்டே இருக்கிறேன். ஆத்துமேட்டுப் பத்தாம் நம்பர் லயத்துக்கு மேலே இருக்கிற மலையை உனக்குத் தெரியும். போன வாரம் பழனியாண்டி அண்ணன் கூட்டிப்போய்க் காட்டினார். மலையின் நடுவில் வெடிப்பு விட்டிருக்கிறது. என் கை முழுவதும் உள்ளே போகிறது. லயத்துப் பின்சுவரிலும் கீறல்.

சபையில் பேசினேன். தோட்டத்தை நடத்துகிற துரையிடமும் பேசினேன். ஆய்வு செய்து அறிக்கை தரவேண்டும், அறிக்கை வந்தால்தான் ஆட்களை அங்கிருந்து எழுப்பலாம் என்கிறார்கள். எழுதிக் கொடுத்திருக்கிறேன். எப்போது வரும் என்று யாருக்கும் தெரியவில்லை. லயத்து ஆட்களும் அசைகிறதாக இல்லை. "எங்க போறது?" என்று கேட்கிறார்கள்.

எம்ரிஸ் ஐயாவிடம் கேட்டுச் சொல். அவர் அந்த மண்மேட்டை எப்படி அகற்ற வைத்தார்? அறிக்கை வரும்வரை காத்திருந்தாரா? எனக்கு இப்போது கேட்க வேறு ஆள் இல்லை.

அண்ணன்,
விஜிதரன்

---

பொகவந்தலாவை
21 செப்டெம்பர் 2025

அன்புத் தங்கச்சிக்கு,

உன்னிடமிருந்து இரண்டு மாதமாகக் கடிதம் இல்லை. போனில் கேட்டால் வேலை என்கிறாய். எம்ரிஸ் ஐயா எப்படி என்று கேட்டால் "அப்படியே இருக்கார்" என்கிறாய். உனக்கு ஏதும் சுகமில்லையா? மறைக்காதே.

வெடிப்பு இன்னும் அகலமாகிவிட்டது. அறிக்கை வரவில்லை. ஐப்பசி மழை தொடங்கப்போகிறது.

எம்ரிஸ் ஐயா என்ன சொன்னார்? ஒரு வரியாவது எழுது.

அண்ணன்,
விஜிதரன்

---

வேல்ஸ்
12 ஒக்டோபர் 2025

அன்புள்ள அண்ணனுக்கு,

தாமதத்துக்கு மன்னியுங்கள். எனக்கு நோய் ஒன்றுமில்லை. வேலை அதிகம். நீங்களும் அண்ணியும் சுகமாக இருக்கவேண்டும்.

நீங்கள் கேட்டதற்கு எம்ரிஸ் ஐயாவின் பதில் இது. அவர் சொல்வதாகவே எழுதுகிறேன்.

அறிக்கைக்காகக் காத்திருக்காதே. காகிதம் வருவதற்கு முன்னால் மழை வந்துவிடும். வானிலை அறிவிப்பு மோசமாக இருந்தால் அன்றைக்கே வீடு வீடாகப் போ. ஏசுவார்கள், கேட்டுக்கொள். ஒன்றும் நடக்காமல் போனால் ஊரே உன்னைப் பார்த்துச் சிரிக்கும். சிரிக்கட்டும். அது உனக்குக் கிடைக்கக்கூடிய மிக நல்ல முடிவு. எங்கே போவது என்று கேட்பவர்களிடம் இடம் காட்டாமல் எழுந்து வா என்று சொல்லாதே. முதலிலேயே இடம் பார்த்துவை. சமைக்க ஆள் பார்த்துவை. குழந்தைகளுக்குப் பால்மா வாங்கிவை. வயதானவர்கள் மாத்திரைகளை ஒரு பையில் போட்டுத் தயாராக வைத்திருக்கச் சொல்.

இவ்வளவுதான். மழைக் காலத்தில் ஜாக்கிரதை, அண்ணா.

அன்புடன்,
லோஜினி

---

பொகவந்தலாவை
14 டிசெம்பர் 2025

அன்புத் தங்கச்சிக்கு,

போன் திரும்ப வேலை செய்த அன்று, உயிரோடு இருக்கிறோம் என்று மட்டும்தான் உன்னிடம் சொல்ல முடிந்தது. நீ அழுததில் அதற்கு மேல் பேச வரவில்லை. இப்போது முழுவதும் எழுதுகிறேன்.

உன் கடிதம் நவம்பர் ஆரம்பத்தில் கிடைத்தது. அன்றைக்கே பள்ளிக்கூட அதிபரைப் பார்த்து மண்டபத்தைக் கேட்டு வைத்தேன். அரிசி, பருப்பு, பால்மா வாங்கி மடுவத்தில் வைத்தேன். உன் அண்ணி தோட்டத்து மாதர் சங்கத்தில் நாலு பேரைச் சமையலுக்குப் பேசிவைத்தாள்.

இருபத்தாறாம் திகதி புதன்கிழமை காலையில் புயல் வருகிறது என்று வானொலியில் சொன்னார்கள். மழை கொட்டிக்கொண்டிருந்தது. லொறியிலிருந்த விறகை ரோட்டோரம் கொட்டிவிட்டு ஆத்துமேட்டுக்கு ஓட்டினேன். பழனியாண்டி அண்ணனும் நானும் முதல் காம்பராவிலிருந்து தட்டிக்கொண்டே போனோம். பன்னிரண்டு குடும்பம் முணுமுணுத்தபடி கிளம்பியது. பதின்மூன்றாவது வீட்டுக்காரரை அவருடைய மகள் இழுத்துக்கொண்டு வந்தாள். கடைசிக் காம்பரா அம்மாக்கண்ணு அக்காவுடையது.

"போன வருசமும் இப்பிடித்தான் எழுப்புனாங்க. கோயில்ல போயி ரெண்டு நா படுத்துக் கெடந்தோம். மலையும் வரல, ஒண்ணும் வரல. திரும்பி வந்து பாத்தா என் கோழி ஆறும் காணோம். நா வரமாட்டேன், நீங்க போங்க" என்றார்.

"கோழி இப்ப எத்தனை இருக்கு?"

"எட்டு."

எட்டையும் பிடித்துக் கூடையில் போட்டு லொறியின் முன் சீட்டில் வைத்தேன். பிடிப்பதற்குள் சட்டையெல்லாம் சேறு. கடைசிக் கோழியோடு திரும்பியபோது அக்கா சாமிப் படத்தையும் துணி மூட்டையையும் எடுத்துக்கொண்டு வாசலில் நின்றார். பள்ளிக்கூட மண்டபம் வரும்வரை வழியெல்லாம் என்னை ஏசிக்கொண்டே வந்தார்.

மறுநாள் காலை ஒன்பது மணிக்குப் பழனியாண்டி அண்ணனைக் காணவில்லை. அடையாள அட்டையை எடுக்க லயத்துக்குப் போய்விட்டார் என்றார்கள். நான் ஓடினேன். அவர் அட்டையோடு கீழே வந்துகொண்டிருந்தார். இரண்டு பேரும் லயத்துக்குக் கீழே இருக்கிற பாலத்தைத் தாண்டி நாலு எட்டு வைத்திருப்போம், பின்னால் ஒரு சத்தம். பெரிய லொறியில் கருங்கல்லை மொத்தமாகக் கொட்டுகிற மாதிரி. திரும்பிப் பார்த்தபோது பத்தாம் நம்பர் லயம் இருந்த இடத்தில் மண்தான் இருந்தது. ஒரு ஓரத்தில் மூன்று காம்பராவின் தகரம் மட்டும் நீட்டிக்கொண்டு நின்றது.

பதினாலு குடும்பம், ஐம்பத்தொரு பேர். ஒருவருக்கும் கீறல் இல்லை. மலை நாடு முழுக்க எத்தனை வீட்டில் அழுகைச் சத்தம் கேட்டது என்று உனக்குத் தெரியும். அதை நினைத்தால் இதைச் சொல்லவே கூச்சமாக இருக்கிறது.

இப்போது எல்லோரும் என்னைக் கும்பிடுகிறார்கள். அதனால்தான் இந்தக் கடிதம். உன்னிடம் நான் சொல்லாத ஒன்று இருக்கிறது.

இரண்டாயிரத்து இருபத்திரண்டில் எரிவாயு கிடைக்காமல் நாடே விறகுக்கு அலைந்தது ஞாபகம் இருக்கிறதா? அந்த வருசம் ஆத்துமேட்டு மலையிலிருந்த டர்பன்டைன் மரங்களை வெட்டத் தோட்டம் குத்தகைக்கு விட்டது. எடுத்தது நான்தான். இரண்டு மாதத்தில் மலையை மொட்டையடித்தேன். வெட்டின மரத்தின் வேர் மூன்று வருடத்தில் மண்ணுக்குள்ளேயே அழுகிப் பிடிமானத்தை விட்டுவிடும் என்று ஆய்வுக்கு வந்தவர் இப்போது சொல்கிறார். வெடிப்பைப் பார்த்த அன்றைக்கே எனக்குச் சந்தேகம். அதனால்தான் தூங்கவில்லை. மலை தானாக வரவில்லை, லோஜினி.

உன் பயிற்சிக்கும் பயணத்துக்கும் பணம் அந்த மரத்தில்தான் வந்தது. இதை உனக்கு எழுத இத்தனை நாள் என் கை வரவில்லை.

வேறு யாரிடமும் சொல்லவில்லை. ஜனங்களிடம் நான் சொல்லவேண்டுமா? எம்ரிஸ் ஐயாவிடம் கேட்டுச் சொல். அவருக்கு என் நன்றி. அவர் இல்லாவிட்டால் நான் இன்னும் அறிக்கைக்காகக் காத்துக்கொண்டிருந்திருப்பேன்.

அண்ணன்,
விஜிதரன்

---

வேல்ஸ்
4 ஜனவரி 2026

அன்புள்ள அண்ணனுக்கு,

நீங்களும் அண்ணியும் உயிரோடு இருக்கிறீர்கள். நலமா என்று இனி எதற்குக் கேட்பது என்று தோன்றுகிறது. இருந்தாலும் கேட்கிறேன், நலமா? தூங்குகிறீர்களா?

எம்ரிஸ் ஐயாவிடம் கேட்க முடியாது, அண்ணா. அவர் செப்டெம்பர் மூன்றாம் திகதி இறந்துவிட்டார்.

உங்கள் ஜூலைக் கடிதம் வந்தபோது ஆஸ்பத்திரியில் இருந்தார். நெஞ்சு அடைத்துப் பேச்சு துண்டு துண்டாக வந்தது. கடிதத்தை அவருக்கு மொழிபெயர்த்துச் சொன்னேன். அறிக்கைக்காகக் காத்திருந்தீர்களா என்று நீங்கள் கேட்டிருந்தீர்கள். கண்ணை மூடிக்கொண்டார். பிறகு, "காத்திருந்தேன்" என்றார்.

அவர் உறுப்பினராகி இரண்டாவது வருடம் அது. மேட்டுத் தெருவுக்கு மேலே இருந்த மண்மேட்டில் வெடிப்பைப் பார்த்தது அவர்தான். திங்கட்கிழமை பொறியியலாளருக்குக் கடிதம் எழுதினார். வியாழக்கிழமை பதில் வரும் என்றார்கள். ஜனங்களைச் சும்மா பயமுறுத்தினால் அடுத்த தேர்தலில் சிரிப்பார்கள் என்று பேசாமல் இருந்தார். புதன்கிழமை மத்தியானம் மேடு இறங்கியது. கடைசி வீட்டில் கண் தெரியாத ஒரு பழைய சுரங்கத் தொழிலாளி தனியாக இருந்தார். அந்த வீட்டுக்கு வாரா வாரம் கரி போட்டது எம்ரிஸ் ஐயாதான். அந்தத் தொழிலாளியை உயிரோடு எடுக்க முடியவில்லை. மேட்டை அகற்றியதெல்லாம் அதற்குப் பிறகு. தனக்கு முன்பே தெரியும் என்பதை அவர் ஊரில் யாரிடமும் சொன்னதில்லை. என்னிடம்தான் சொன்னார். சொல்லிவிட்டு என் கையைப் பிடித்துக்கொண்டார். அன்றைக்குப் பிறகு அதிகம் பேசவில்லை.

இதை உங்களுக்கு எப்படி எழுதுவது? எம்ரிஸ் ஐயா சொன்னால் செய்வேன் என்று காத்திருக்கிறீர்கள். அவரும் தவறவிட்டார், இப்போது செத்தும் போய்விட்டார் என்று எழுதினால் நீங்கள் தனியாகிவிடுவீர்கள் என்று பயந்தேன். மூன்று கடிதம் எழுதிக் கிழித்தேன். ஒக்டோபரில் நான் அனுப்பியது அவர் சொன்னதல்ல. அவர் செய்யாமல் விட்டதை எல்லாம் யோசித்து யோசித்து நானே எழுதினேன். போனிலும் பொய் சொன்னேன். உங்களிடம் நான் சொன்ன முதல் பொய் அதுதான் என்று நினைக்கிறேன். மன்னியுங்கள்.

மரத்தைப் பற்றி. அந்த மரத்தில்தான் நான் விமானம் ஏறினேன் என்றால், அந்த மலையில் எனக்கும் பங்கு இருக்கிறது. அதை நீங்கள் மட்டும் சுமக்கவேண்டாம். ஜனங்களிடம் சொல்வதா வேண்டாமா என்று எனக்குத் தெரியவில்லை. ஐம்பது வருடம் சொல்லாமல் இருந்த ஒரு மனிதரின் முகத்தைப் பார்த்தேன். அவ்வளவுதான் எனக்குத் தெரியும்.

என்னை வேறு வீட்டுக்கு மாற்றிவிட்டார்கள். இப்போது ஒரு பாட்டியம்மாவைப் பார்த்துக்கொள்கிறேன். நல்லவர், காது கேட்காது.

உங்கள் தங்கை,
லோஜினி

---

பொகவந்தலாவை
8 பெப்ரவரி 2026

அன்புத் தங்கச்சி லோஜினிக்கு,

நாங்கள் நலம். உன் கடிதம் வந்த நாளிலிருந்து நன்றாகத் தூங்குகிறேன். நீயும் தூங்கு.

முதலில் எம்ரிஸ் ஐயா. அவரை நான் பார்த்ததில்லை. இருந்தாலும் மடுவத்தைப் பூட்டிவிட்டு ஒரு நாள் முழுக்கச் சும்மா இருந்தேன். நம் வீட்டில் ஒரு சாவு விழுந்தால் அப்படித்தானே இருப்போம். உன் அண்ணி விளக்கேற்றினாள்.

அடுத்தது உன் பொய். ஒக்டோபர்க் கடிதத்தை நான் சத்தமாக வாசித்தபோதே உன் அண்ணி சொன்னாள்: "பால்மா வாங்கி வை, மாத்திரைய பையில போட்டு வைன்னு வெள்ளக்கார ஐயாவா சொல்லுவாரு? இது நம்ம பாப்பா பேச்சுங்க." நான் அவளைச் சும்மா இருக்கச் சொன்னேன். எனக்கும் சந்தேகம்தான். ஆனால் அது அவர் வார்த்தையாக இருக்கட்டும் என்று எனக்கு வேண்டியிருந்தது. இருபத்தேழு வருடம் சபையில் இருந்தவர் சொன்னார் என்றால்தான் என் கால் நகரும் போலிருந்தது. அதனால் நானும் என்னை ஏமாற்றிக்கொண்டேன். நீ மன்னிப்புக் கேட்காதே. நான்தான் நன்றி சொல்லவேண்டும். தங்கச்சிக்கு அண்ணன் நன்றி சொன்னால் நீயும் கோபப்படுவாய். படு.

போன ஞாயிற்றுக்கிழமை பள்ளிக்கூட மண்டபத்துக்குப் போனேன். இன்னும் பதினாலு குடும்பமும் அங்கேதான். சாப்பிட்டு முடித்த பிறகு எழுந்து நின்று சொல்லிவிட்டேன். மேலே இருந்த மரத்தைக் குத்தகைக்கு எடுத்து வெட்டியது நான், வேர் அழுகித்தான் மலை வந்தது, எனக்கு ஜூலையிலேயே சந்தேகம் இருந்தது, கும்பிடவேண்டாம், ஏசவேண்டும் என்றால் ஏசுங்கள் என்றேன்.

பழனியாண்டி அண்ணன்தான் முதலில் வாயைத் திறந்தார்.

"தம்பி, அந்த ரெண்டு மாசம் ஒங்ககிட்ட கைக்காசு வாங்கிக்கிட்டு மரம் வெட்டினது யாரு? நாங்கதான. இந்தா, இவன், நான், அந்தா அவன். எங்களுக்கு மட்டும் தெரியாதா?"

"அப்ப ஏன் ஒரு வார்த்த சொல்லல?" என்றேன்.

"நீங்க ஏன் சொல்லல? அதேதான்" என்றார்.

அவர்களில் ஒரு தாய் கோபப்பட்டாள். வீடு போனது போனதுதான், யார் வெட்டினால் என்ன, இனி எங்கே இருப்பது என்று கேட்டாள். அவள் கேட்டது நியாயம். காணி கிடைக்கும்வரை விடமாட்டேன் என்று எழுதிக் கையெழுத்துப் போட்டுக் கொடுத்திருக்கிறேன். அந்த மலையில் திரும்ப மரம் நட ஆட்களோடு நானும் போகிறேன். மலையிலிருந்து வெட்டுகிற விறகை இனி எடுப்பதில்லை, இறப்பர்த் தோட்டத்துக் கழிவு மரத்தைக் கீழ்நாட்டிலிருந்து கொண்டுவருகிறேன். வியாபாரம் பாதியாகும். உன் அண்ணி ஒரு மாதம் பேசாமல் இருப்பாள் என்று எதிர்பார்த்தேன். இரண்டு நாளில் பேசிவிட்டாள்.

கடைசியாக அம்மாக்கண்ணு அக்கா. நீ எழுதிய கடிதத்தைப் பற்றி அவரிடம் சொன்னேன். அவருக்கு எழுதத் தெரியாது. இப்போது பக்கத்தில் உட்கார்ந்து சொல்லச் சொல்ல எழுதுகிறேன். இனி வருவது அவர் பேச்சு.

பாப்பா, நா அம்மாக்கண்ணு. ஒன்ன சின்னப் புள்ளையில ரெட்டச் சடையோட பாத்தது. ஒங்க அண்ணன அன்னைக்கு நா ஏசாத ஏச்சு இல்ல. நீ எழுதினதப் பாத்துத்தான் வந்தாருன்னு இப்பத்தான் சொல்றாரு. அந்தப் பெரியவரு செத்துட்டாராம், பாவம், மனசுல வச்சிக்கிட்டே இருந்துருக்காரு. இங்க எங்களுக்குக் கஷ்டந்தான். கக்கூஸுக்கு வரிசையில நிக்கணும், பாயி பத்தல. ஆனா ஒண்ணு சொல்றேன் கேளு. தெனம் சாயங்காலம் சாமான் குடுக்க ஒரு ஐயா வந்து பேரு வாசிக்கிறாரு. ஒண்ணாம் காம்பராவுல ஆரம்பிச்சுப் பதினாலு வரைக்கும் வாசிக்கிறாரு. வாசிக்க வாசிக்க ஒவ்வொரு பேருக்கும் ஒரு ஆளு எந்திரிச்சுப் போவுது. ஆளு இல்லாம ஒரு பேரு கூட சும்மா நிக்கல. என் பேரு கடேசி. அதுக்காகவே நா உக்காந்து எல்லாப் பேரையும் கேட்டுக்கிட்டு இருக்கேன்.